தென்னிந்திய அடுக்குத் தேனீயும் பைப்புழு நோயும்: 1991–92 அழிவு பற்றிய நிகழ்வு ஆய்வு

பெட்டியைத் திறந்தால் ராணி இருக்கும், முட்டை இருக்கும், ஓரத்துச் சட்டங்களில் (தேனீ அடை கட்டும் மரச் சட்டங்கள்) தேன்கூடக் கொஞ்சம் இருக்கும். மூடி போட்ட புழு மட்டும் விரல்விட்டு எண்ணும்படி இருக்கும். மூடாத அறைகளில் புழுக்கள் வளைந்து கிடக்காமல் நீட்டி மல்லாந்து, தலையை அறை வாய்க்குத் தூக்கியபடி செத்திருக்கும். நாற்றம் இருக்காது. அடுத்த சில வாரங்களில் கூட்டம் சுருங்கும், அல்லது ஒரு நாள் பெட்டியே காலியாகக் கிடக்கும். 1991–92ல் கேரளத்திலும் கர்நாடகத்திலும் தமிழகத்தின் தென்கோடியிலும் இந்தியத் தேனீ வளர்த்தவர்கள் கண்ட நோய் இதுதான். வளர்ப்புக் கூட்டங்களில் பத்துக்கு ஒன்பது பங்குக்கு மேல் அழிந்ததாகவே துறை சார்ந்த கட்டுரைகள் பதிவு செய்கின்றன.

நோய்க்குக் காரணம் தாய்லாந்து பைப்புழு வைரஸ். ஆனால் வைரஸை மட்டும் குற்றம் சொன்னால் கதை பாதியில் நின்றுவிடும். செத்த புழுவின் உடலில் இந்த வைரஸ் நெடுநாள் தாங்குவதில்லை. அதைப் பெட்டிக்குள் தொடர்ந்து உயிரோடு வைத்திருப்பது புழுவுக்குப் பால் ஊட்டும் இளம் பணித்தேனீ. பெட்டி விட்டுப் பெட்டி, ஊர் விட்டு ஊர் கொண்டுபோனதில் வளர்ப்பு முறைக்குப் பெரும்பங்கு உண்டு. நோயைத் தடுப்பதானாலும், வந்தபின் கூட்டத்தை மீட்பதானாலும், அந்த ஊட்டும் தேனீக்கும் புழுவுக்கும் இடையிலான தொடர்பை எங்கே அறுக்கலாம் என்பதே கேள்வி.

எந்தத் தேனீ, எந்தப் பெட்டி

ஆசியத் தேனீ இனமான ஏபிஸ் செரானாவை 1988ல் தேனீ ஆய்வாளர் ரூட்னர் நான்கு துணையினங்களாகப் பிரித்தார்: செரானா, இண்டிகா, ஹிமாலயா, ஜப்பானிகா. தென்னிந்தியாவில் இருப்பது இண்டிகா; இந்தியத் தேனீ என்பது இதுதான். அடுக்கடுக்காக இணை அடைகள் (மெழுகு அறைகளாலான தட்டுகள்) கட்டுவதால் அடுக்குத் தேனீ, மரப்பொந்திலும் கரையான் புற்றிலும் குடியிருப்பதால் பொந்துத் தேனீ, புற்றுத் தேனீ என்று ஊருக்கு ஊர் பெயர் மாறும். சமவெளியில் மஞ்சள் கூடிய சிறிய வகை, மலையில் கறுத்த சற்றே பெரிய வகை என்று வளர்ப்பவர்கள் இரண்டாகப் பிரித்துப் பார்ப்பார்கள்.

ஐரோப்பிய இனமான இத்தாலியத் தேனீயோடு ஒப்பிட்டால் இதன் குணங்கள் சில இந்த நோய்க்கு நேரடியாகப் பொருந்தும். கூட்டம் சிறியது. ஆண்டுக்கு ஒன்றுக்கு மேற்பட்ட முறையும் கூட்டம் பிரியும். இரை குறைந்தாலோ, எறும்பும், அடையைத் தின்னும் மெழுகுப்பூச்சியும் தொல்லை கொடுத்தாலோ, நோய் வந்தாலோ பெட்டியைக் கைவிட்டு மொத்தமாக ஓடிவிடும். ராணி இல்லாமல் போனால் சில நாட்களிலேயே பணித்தேனீக்கள் முட்டையிடத் தொடங்கும். மறுபக்கம், தேனீயின் உடலில் ஒட்டி வாழும் வரோவா உண்ணியைத் தன் உடலிலிருந்தும் தோழியின் உடலிலிருந்தும் சுத்தம் செய்து தள்ளும் திறமை இதற்கு உண்டு. ஆகவே இந்தியத் தேனீ வளர்ப்பவருக்கு உண்ணி மருந்து தேவைப்பட்டதே இல்லை. நோய் என்ற ஒன்றைப் பற்றி யோசிக்கும் பழக்கமே இல்லாத தொழிலில் 1991ல் நோய் வந்தது.

பணித்தேனீயின் வளர்ச்சிக் கணக்கை மனதில் வைத்துக்கொள்வது நல்லது. பின்னால் சிகிச்சை முழுவதும் இதன் மேல்தான் நிற்கிறது. முட்டை 3 நாள், புழு 4 முதல் 5 நாள், மூடிய அறைக்குள் 11 முதல் 12 நாள். ஆக 18 முதல் 20 நாள். ராணிக்கு 15 அல்லது 16 நாள், ஆண் தேனீக்கு 24 நாள்.

பெட்டியைப் பொறுத்தவரை, 1910களில் திருச்சியில் பாதிரியார் நியூட்டன் இந்தச் சிறு தேனீக்கென்று அளவு குறைத்து வடிவமைத்த பெட்டி தென்னிந்தியா முழுக்கப் பரவியது. அதன் புழு அறைச் சட்டம் 20.6 சென்டிமீட்டர் நீளம், 14.4 சென்டிமீட்டர் உயரம், 7 சட்டங்கள். 1920களில் அமெரிக்கரான ஸ்பென்சர் ஹாட்ச் மார்த்தாண்டத்தில் நடத்திய ஒய்எம்சிஏ கிராம மேம்பாட்டு மையம் வீட்டுக் கொல்லையில் பெட்டி வைக்கும் வழக்கத்தைத் தெற்குத் திருவிதாங்கூரில் ஊன்றியது. அந்தப் பகுதி 1956ல் கன்னியாகுமரி மாவட்டமாகத் தமிழகத்தோடு இணைந்தபோது தேன் அங்கே ஒரு தொழிலாகவே ஆகியிருந்தது.

ரப்பர் தோட்டத்தின் ஆண்டுச் சுழற்சி

கன்னியாகுமரியிலும் கேரளத்திலும் தேன் என்றால் பெரும்பாலும் ரப்பர் தேன். அது பூவிலிருந்து வருவதல்ல. டிசம்பர், ஜனவரியில் இலை உதிர்த்த ரப்பர் மரம் புதுத் தளிர் விடும்போது மூன்று சிற்றிலைகள் கூடும் காம்பு நுனியில் இருக்கும் சுரப்பிகள் இனிப்பு நீரைக் கசிய விடுகின்றன. ஜனவரி கடைசி முதல் மார்ச் வரை தேன் வரத்து. அதற்கு முன், அக்டோபரிலிருந்து டிசம்பர் வரை பெருக்கக் காலம்: கூட்டங்களைப் பிரித்து எண்ணிக்கை கூட்டுவார்கள். தளிர் விடும் நேரத்தில் பெட்டிகளைத் தோட்டத்துக்குள் நெருக்கமாகக் கொண்டுபோய் வைப்பார்கள். தேன் எடுத்து முடிந்தபின் தென்மேற்குப் பருவமழைக் காலம் முழுக்கப் பஞ்சம். பல கூட்டங்கள் மெலியும், ஓடிப்போகும். அடுத்த பெருக்கக் காலத்துக்கு முன் காட்டிலிருந்தும் தென்னந்தோப்பிலிருந்தும் பானை வைத்துப் புதுக் கூட்டங்களைப் பிடித்து, விலைக்கு வாங்கி, குறையை நிரப்புவார்கள்.

தொழிலாக இது கெட்டிக்காரத்தனமான ஏற்பாடுதான். தொற்றுநோய்க்கும் இதைவிடத் தோதான ஏற்பாட்டை யாராலும் செய்து கொடுத்திருக்க முடியாது. பெருக்கக் காலத்தில் புழு நிறைய இருக்கும். அதே காலத்தில்தான் ஒரு பெட்டியின் புழு அடையை எடுத்து மற்றொன்றுக்குக் கொடுப்பார்கள். தோட்டத்தில் நெருங்கி வைக்கும்போது வழி தவறிய தேனீ பக்கத்துப் பெட்டிக்குள் நுழையும். ரப்பர் இனிப்பு நீரைத் தருகிறதே தவிர மகரந்தம் தருவதில்லை என்பதால் தேன் கொட்டும் காலத்திலேயே ஊட்டும் தேனீக்களுக்குப் புரதம் குறைந்திருக்கும். பஞ்சத்தில் மெலிந்த பெட்டியை வலுத்தது கொள்ளையடிக்கும். ஓடிப்போன கூட்டம் வைரஸைச் சுமந்துகொண்டே போய் இன்னொருவர் பானையில் இறங்கும்.

வைரஸ் உள்ளே என்ன செய்கிறது

பைப்புழு நோய் இத்தாலியத் தேனீயில் பழைய நோய். கண்ணுக்குத் தெரியும் கிருமி அதற்குக் காரணமில்லை, நுண்வடிகட்டியையும் தாண்டிப் போகும் ஏதோ ஒன்று என்று அமெரிக்காவில் ஒயிட் என்ற ஆய்வாளர் 1910களிலேயே காட்டிவிட்டார். இத்தாலியத் தேனீயில் அது தானாக வந்து தானாகப் போகும் சில்லறைத் தொல்லை. 1976ல் தாய்லாந்தில் ஆசியத் தேனீக் கூட்டங்கள் கொத்துக் கொத்தாகச் செத்தபோதுதான் அதன் நெருங்கிய உறவான வேறொரு வகை இருப்பது தெரிந்தது. 1982ல் இங்கிலாந்தின் ரோதாம்ஸ்டெட் ஆய்வு நிலையத்தில் பெய்லி என்ற ஆய்வாளரின் குழு அதைத் தனித்துப் பிரித்து விவரித்தது. இந்தியாவில் 1978 வாக்கில் மேகாலயத்தில் தலைகாட்டி, இமயமலை அடிவாரத்தோடு மேற்கே போனது. தெற்கே வர இன்னும் பதின்மூன்று ஆண்டுகள் ஆயிற்று.

சுமார் 2 நாள் வயதான புழுவுக்குத்தான் தொற்று எளிதில் ஏறும். ஊட்டப்பட்ட உணவோடு வைரஸ் உள்ளே போகும். புழு வெளித்தோற்றத்தில் வழக்கம்போலவே வளர்ந்து நீட்டிப் படுக்கும். கூட்டுப்புழுவாக மாற அது கடைசித் தோலை உரிக்க வேண்டும். அந்த உரிப்புதான் தடைப்படுகிறது. பழைய தோலுக்கும் புதிய தோலுக்கும் இடையே நீர் தேங்கி, புழு நீர் நிரம்பிய பை போல ஆகிவிடும். நோயின் பெயர் வந்தது இப்படித்தான். முத்து வெள்ளை நிறம் முதலில் வெளிர் மஞ்சளாகும், பிறகு தலைப்பக்கத்திலிருந்து பழுப்பேறும், கடைசியில் உலர்ந்து இரு முனையும் மேலே வளைந்த படகு வடிவச் செதிலாகும். அந்தச் செதில் அறையில் ஒட்டாது. அடையைக் கவிழ்த்துத் தட்டினால் உதிரும்.

இப்படிச் செத்த ஒரே ஒரு புழுவில் ஆயிரத்துக்கு மேற்பட்ட கூட்டங்களின் எல்லாப் புழுக்களுக்கும் தொற்றக்கூடிய அளவு வைரஸ் இருக்கும் என்பது பெய்லியின் கணக்கு. அப்படியானால் ஒரு புழு செத்ததுமே எல்லாம் முடிந்திருக்க வேண்டுமே? முடிவதில்லை. காரணம், உலர்ந்த செதிலில் வைரஸின் வீரியம் சில வாரங்களில் அடங்கிவிடுகிறது. ஆபத்தானது ஈரப் பை. அதைக் கிழித்து இழுத்து அப்புறப்படுத்தும் இளம் தேனீ அந்த நீரை விழுங்குகிறது. வைரஸ் அதன் தலையிலுள்ள பால் சுரப்பிகளில் பெருகுகிறது. அது அடுத்த புழுவுக்குப் பால் ஊட்டுகிறது.

இதில் ஒரு வியப்பு உண்டு. இத்தாலியத் தேனீயில் நடந்த சோதனைகளில், தொற்றிய இளம் தேனீ சீக்கிரமே மகரந்தம் உண்பதை நிறுத்துகிறது, புழு ஊட்டுவதை விடுகிறது, வயதுக்கு முன்பே வெளியே பறந்து தேன் சேகரிக்கத் தொடங்குகிறது, சீக்கிரம் சாகிறது. கூட்டத்தின் பார்வையில் இது நன்மை: தொற்றியவள் தொட்டிலறையை விட்டு வெளியேறிவிடுகிறாள். வரத்து நன்றாக இருக்கும் நாட்களில் நோய் தானே தணிவதற்கு இதுவே காரணமாகக் கருதப்படுகிறது. ஆனால் இளம் தேனீக்களே குறைவாக உள்ள சிறு கூட்டத்தில் ஊட்டும் வேலைக்கு மாற்று ஆள் இல்லை. மழை நாளில் வெளியே போகவும் வழியில்லை. வலுவான பெட்டி தப்புவதும் நான்கு சட்டத்துப் பெட்டி மடிவதும் பெரும்பாலும் இந்த இடத்தில் தீர்மானமாகிறது.

வேறு நோய்களிலிருந்து பிரித்தறிதல்

சந்தேகம் வந்தால் காலை 9 முதல் 11 மணிக்குள், வெயில் முதுகுக்குப் பின்னிருந்து அடைக்குள் விழும்படி நின்று, நடுவிலுள்ள மூன்று புழு அடைகளையும் பார்க்க வேண்டும். ஓர அடையைப் பார்த்துவிட்டு மூடுவது பயனில்லை. தேனீக்களை மெதுவாக உதறிவிட்டு, மூடிய புழுப் பரப்பில் விட்டுவிட்டுத் திறந்திருக்கும் அறைகளைத் தேட வேண்டும். இந்தியத் தேனீயில் பெரும்பாலான புழுக்கள் மூடி போடுமுன்னரே, அல்லது போட்ட மூடியைத் தேனீக்கள் பிரித்த நிலையில் தென்படும்.

சிறு இடுக்கியால் புழுவின் தலைப்பக்கத்தைப் பிடித்து நேராகத் தூக்குங்கள். கிழியாமல் முழுதாக வந்து, வால் பக்கத்தில் தெளிந்த நீர் தொங்கினால் பைப்புழு. தொட்டதும் குழைந்து, புளித்த வாடை அடித்து, புழு சுருண்டோ முறுக்கியோ கிடந்தால் ஐரோப்பிய அழுகல் நோய், அது பாக்டீரியா. தீக்குச்சியால் குத்தி இழுக்கும்போது பசை போல நூலிழை நீண்டால் அமெரிக்க அழுகல். இந்தியத் தேனீயில் அது அரிது.

ஏமாற்றும் காட்சிகள் இன்னும் இரண்டு. மெழுகுப்பூச்சிப் புழு மூடிகளுக்கடியில் சுரங்கம் போட்டுப் போனால் அதன் பாதையில் வரிசையாக அறைகள் திறந்திருக்கும். உள்ளே இருப்பது உயிருள்ள வெள்ளைக் கூட்டுப்புழு. பைப்புழுவில் திறந்த அறைகள் வரிசையாக வராது, சிதறிக் கிடக்கும். குளிரால் செத்த புழு அடையின் வெளி விளிம்பில், எல்லா வயதும் கலந்து, கறுத்துக் கிடக்கும். கூட்டத்தால் போர்த்த முடியாத அளவு சட்டங்கள் கொடுத்திருப்பதே அதற்குக் காரணம்.

ஆண் தேனீ அறை மூடியின் நடுவே சிறு துளை இருப்பது இந்தியத் தேனீயில் இயல்பு. அதைப் பார்த்து நோய் என்று பயந்து நல்ல அடையை வெட்டி எறிந்தவர்கள் உண்டு. உறுதியாகத் தெரிய வேண்டுமானால், வைரஸின் மரபுப் பொருளை ஆய்வுக்கூடத்தில் கண்டறியும் ஆர்டி-பிசிஆர் பரிசோதனைதான். ஆனால் பெட்டியருகே முடிவெடுக்க இடுக்கி போதும்.

பெட்டியளவில் செய்ய வேண்டியது

வைரஸுக்கு மருந்து இல்லை. அழிவு நாட்களில் பாக்டீரியாவுக்கு எதிரான டெட்ராசைக்ளின் மருந்தைச் சர்க்கரைப் பாகில் கலந்து ஊட்டுவது வழக்கத்துக்கு வந்ததுண்டு. அது ஐரோப்பிய அழுகலைத் தணிக்கும், பைப்புழுவைத் தொடாது; தேனில் மருந்து எச்சம் தங்கித் தேன் விலைபோகாமல் போவதுதான் மிச்சம். உள்ளது ஒரே வழி: பெட்டிக்குள் சில நாட்கள் ஊட்டுவதற்குப் புழுவே இல்லாமல் செய்வது.

முதலில் நோயுற்ற பெட்டிகளைப் பிரிக்க வேண்டும். இந்தத் தேனீ பெரும்பாலும் ஒரு கிலோமீட்டர் சுற்றுக்குள் மேய்வது. 2 கிலோமீட்டருக்கு அப்பால், இரவில் வாசலை அடைத்துக் கொண்டுபோனால் பறந்து திரும்பாது, நல்ல பெட்டிகளோடு கலக்காது. அவ்வளவு தூரம் முடியாவிட்டால் இருந்த இடத்திலேயே விட்டு, வாசலைச் சுருக்குவது மேல். 50 மீட்டர் நகர்த்துவது இருப்பதிலேயே மோசமான தேர்வு: பழைய இடத்தைத் தேடி வரும் தேனீ பக்கத்து நல்ல பெட்டிக்குள் போகும். எப்போதும் நல்ல பெட்டிகளை முதலில் பார்த்துவிட்டு நோய்ப் பெட்டிக்குக் கடைசியாக வர வேண்டும். கை, கத்தி, புகைப்பான் எல்லாம் சோப்பு நீரில் கழுவியாக வேண்டும்.

அடுத்தது ராணியை அடைப்பது. ராணிக் கூண்டில் விட்டு, நடுச் சட்டங்கள் இரண்டுக்கும் இடையே, பணித்தேனீ ஊட்ட முடிகிற மாதிரி தொங்கவிட வேண்டும். கண்ணால் பார்த்தாலே பாதிப்புத் தெரியும் அடைகளை அன்றே வெட்டி எடுத்துக் குழியில் போட்டு எரித்து மூட வேண்டும், அல்லது உடனே கொதிநீரில் மெழுகாக உருக்க வேண்டும். வெளியே எறிந்தால் மற்ற தேனீக்கள் வந்து நக்கும். மூடிய நல்ல புழு உள்ள ஒரு அடையை மட்டும் விட்டுவைப்பது முக்கியம். புழுவே இல்லாத பெட்டியை இந்தத் தேனீ விட்டு ஓடும்.

நாள் கணக்கு இப்படி: அடைத்த நாள் 0. கடைசி முட்டை 3ஆம் நாள் பொரியும், 8ஆம் நாள் வாக்கில் மூடப்படும். 14ஆம் நாள் ராணியை விட்டால் அதன் முதல் முட்டை 17ஆம் நாள்தான் புழுவாகும். ஆக 8க்கும் 17க்கும் இடையே ஒன்பது நாள் ஊட்டுவதற்கு ஒரு புழுவும் இல்லை. தொற்றிய ஊட்டும் தேனீக்கள் இந்த இடைவெளியில் மூத்து வெளி வேலைக்குப் போய்விடும். புதிதாகப் பொரித்து வரும் தேனீக்கள் கிழிக்க ஈரப் பை இல்லாத பெட்டியில் வேலை தொடங்கும். 14க்குப் பதிலாக 7ஆம் நாளே ராணியை விட்டுவிட்டு, சிகிச்சை பலிக்கவில்லை என்று சொல்வது பரவலாக நடக்கிற தவறு. பழைய புழுக்களில் கடைசியானவை மூடப்படும் வேளையில் புதியவை பொரிக்கத் தொடங்கிவிடும். இடைவெளி ஓரிரு நாளே மிஞ்சும்.

இடையில் தவறுவது மூன்று விதத்தில். ராணியின் வாசனை பெட்டி முழுக்கப் பரவாததால், இருக்கும் இளம் புழுவிலிருந்து தேனீக்கள் அவசர ராணி அறை கட்டும். 5ஆம் நாளும் 9ஆம் நாளும் ஒவ்வொரு அடையாகத் தேடி அழிக்க வேண்டும். ஒன்றை விட்டால் புது ராணி வந்து கூண்டு ராணி கைவிடப்படும். இரண்டாவது, பணித்தேனீ முட்டையிடுதல்: ஒரே அறையில் இரண்டு மூன்று முட்டை, அறைச் சுவரில் ஒட்டிய முட்டை, பணித்தேனீ அறைகளில் ஆங்காங்கே துருத்திய ஆண் மூடி. இந்த நிலைக்குப் போன கூட்டத்தைத் திருத்த முயல்வது நேர விரயம் என்பதே நம் கருத்து. மூன்றாவது, ராணியை விட்டதும் ஓடிப்போதல். விட்ட பிறகு ஒரு வாரம் வாசலில் ராணித் தடுப்பு பொருத்துங்கள். இத்தாலியத் தேனீக்குச் செய்த தடுப்பு உதவாது; இந்தியத் தேனீ ராணி அதன் இடைவெளியில் நழுவிவிடும்.

தீனி இல்லாமல் இவையெல்லாம் வீண். ஒரு கிலோ சர்க்கரைக்கு ஒரு லிட்டர் நீர், கொதித்த நீரில் கரைத்து ஆறவைத்து, மாலையில் பெட்டிக்குள்ளேயே சிரட்டையில் 200 மில்லி. தேனீ மூழ்காமலிருக்க மேலே நாலு வைக்கோல் துண்டு. ஒரு நாள் விட்டு ஒரு நாள் போதும். காலையில் ஊற்றினாலோ வெளியே சிந்தினாலோ கொள்ளை தொடங்கும், கொள்ளையோடு நோயும் போகும். எங்கிருந்து வந்தது என்று தெரியாத தேனையோ பழைய மகரந்தத்தையோ ஊட்டவே கூடாது. சட்டங்களின் எண்ணிக்கையைத் தேனீக்கள் இருபுறமும் நெருக்கிப் போர்த்தும் அளவுக்குக் குறைக்க வேண்டும். ஏழு சட்டத்துப் பெட்டியில் மூன்று சட்டமே மிஞ்சினாலும் சரி. வெறும் அடை மெழுகுப்பூச்சிக்குத்தான் தொட்டில்.

மெலிந்த நோய்க் கூட்டத்தை வலுவான கூட்டத்தோடு சேர்ப்பது வேறு சமயங்களில் நல்ல பழக்கம். இந்த நோயில் அது ஆயிரக்கணக்கான தொற்றிய ஊட்டும் தேனீக்களை ஆரோக்கியமான புழுக்களிடம் ஒப்படைப்பது. இரண்டும் நோயுற்றவை என்றால் மட்டும், ராணி அடைத்த நிலையில் சேர்க்கலாம்.

காலியான பெட்டிகளைப் பற்றி அதிகம் பயப்பட வேண்டியதில்லை. 10 லிட்டர் சூடான நீரில் அரைக் கிலோ சலவைச் சோடா கரைத்துத் தேய்த்துக் கழுவி, இரண்டு மூன்று நாள் நல்ல வெயிலில் காயவிட்டு, சில வாரம் கழித்துப் பயன்படுத்தலாம். பழைய அடைகளை மட்டும் திரும்ப வைக்காதீர்கள்.

மீண்டது எப்படி

அழிவுக்குப் பிந்தைய முதல் எதிர்வினை தேனீயையே மாற்றுவதாக இருந்தது. 1962ல் இமாச்சலப் பிரதேசத்தின் நக்ரோட்டா பக்வானில் வெற்றிகரமாகக் குடியேறி வடக்கே பரவிய இத்தாலியத் தேனீ, 1990களில் தெற்கேயும் கொண்டுவரப்பட்டது. இந்த வைரஸ் வகை அதை அவ்வளவாகத் தாக்குவதில்லை. ஆனால் பெரிய கூட்டத்துக்குப் பெரிய அளவில் மகரந்தம் வேண்டும், பஞ்ச காலத்தில் சர்க்கரை வேண்டும், உண்ணிக்குத் தொடர் கவனிப்பு வேண்டும், இடம் மாற்றிக்கொண்டே இருக்க வண்டி வேண்டும். கொல்லையில் பத்துப் பெட்டி வைத்திருந்தவருக்கு இது ஒத்துவரவில்லை; பெரிய அளவில் செய்பவர்களிடமே அது நிலைத்தது.

இந்தியத் தேனீ திரும்பியது காட்டிலும் பொந்திலும் தப்பிய கூட்டங்களிலிருந்தும், அழிந்த பண்ணைகளில் ஒன்றிரண்டாக நின்ற பெட்டிகளிலிருந்தும்தான். 1990களின் பின்பாதியில் அவற்றைப் பிடித்துப் பெருக்கினார்கள். நோய் போய்விடவில்லை; இன்றும் ஆங்காங்கே எழுந்து, சில பெட்டிகளைக் கொன்று, அடங்குகிறது. வைரஸ் அடங்கியதா, தேனீ தேறியதா என்ற கேள்விக்கு இரண்டும் என்றே சொல்லத் தோன்றுகிறது. தான் தங்கும் கூட்டங்கள் அனைத்தையும் கொல்லும் வைரஸுக்கும் எதிர்காலம் இல்லை அல்லவா.

வளர்ப்பவர் கையில் இருப்பது, நோயைத் தாங்கியவையே மிஞ்சிய அந்த இயற்கைத் தேர்வைத் தொடர்வது. சிகிச்சை கொடுத்துக் காப்பாற்றிய பெட்டியிலிருந்து ராணி எடுக்கக் கூடாது. பக்கத்துப் பெட்டிகள் நோயுற்றபோதும் பெருக்கக் காலம், வரத்து, பஞ்சம் மூன்றையும் நோயின்றித் தாண்டிய பெட்டியே தாய். கூடுதலாக ஊசிச் சோதனை செய்யலாம். மூடிய புழு அடையில் கண் வெள்ளையாகவோ இளஞ்சிவப்பாகவோ இருக்கும் பருவத்துக் கூட்டுப்புழுக்கள் 100ஐ மெல்லிய ஊசியால் மூடி வழியே குத்திக் கொன்று, இடத்தைக் குறித்து, 24 மணி நேரம் கழித்து எத்தனை அறைகளை முழுதாகச் சுத்தம் செய்திருக்கின்றன என்று எண்ணுவது. அருகருகே உள்ள பெட்டிகளை ஒரே நாளில் ஒப்பிட்டால்தான் எண்ணுக்குப் பொருள் உண்டு. வரத்து நாளில் எல்லாப் பெட்டியும் சுத்தமாகவே நடந்துகொள்ளும். இதில் ஒரு நுணுக்கம்: நோயுற்ற புழு நீர்ப்பையாகும் முன்பே கண்டு இழுத்தெறியும் கூட்டமே பயன் தரும். முற்றிய பையைக் கிழித்துக் குடிக்கிற சுறுசுறுப்பு நோயைத்தான் பரப்பும். ஊசிச் சோதனை இவ்விரண்டையும் பிரித்துக் காட்டாது. பெட்டியின் ஆண்டு வரலாற்றுக்கு அடுத்த இடம்தான் அதற்கு.

ராணி அறைகள் மூடப்பட்ட பிறகு, ராணி வெளிவருவதற்கு முன் வெட்டி, ராணி நீக்கிய பெட்டிகளுக்குக் கொடுக்கலாம். ராணியை மட்டும் தேர்ந்தெடுத்துவிட்டு ஆண்களை மறந்தால் பாதி வேலைதான் நடந்திருக்கும்: ராணி வெளியே பறந்து பல ஆண்களோடு இணைகிறது. தேர்ந்த பெட்டிகளில் ஆண் தேனீ அடைகளை வெட்டாமல் விட்டு, தேறாதவற்றில் வெட்டிவிட வேண்டும். ஆண் முட்டையிலிருந்து வெளிவர 24 நாளும், அதன்பின் இணையத் தயாராக ஒரு வாரத்துக்கு மேலும் பிடிக்கும். ஆகவே ராணி வளர்ப்பைத் தொடங்குவதற்கு மூன்று வாரம் முன்பே தாய்ப் பெட்டிகளில் ஆண் அடை முட்டையோடு இருக்கிறதா என்று பார்த்துக்கொள்வது நல்லது.